மாசிலாமணி நரி ஃபோல்டர் தேடிய கதை

ஒரு காட்டில் ஒரு கம்ப்யூட்டர் இருந்தது. காட்டில் வேறு கம்ப்யூட்டர்களும் உண்டு. ஆனால் இது குடிபெயர்வு அனுமதி அலுவலகத்துக்குச் சொந்தமானது, ஆகவே மெதுவாக ஓடும். அதை இயக்கும் ஆபரேட்டர் வேலையில் ஒரு நரி இருந்தான். பெயர் மாசிலாமணி.

நேர்முகத் தேர்வில் அவனிடம் ஒரே ஒரு கேள்விதான் கேட்டார்கள். மேசைமேல் ஒரு மவுஸையும் ஒரு எலியையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, எது எது என்று சொல்லச் சொன்னார்கள். மற்ற விலங்குகள் எல்லாம் குழம்பின. மாசிலாமணி மட்டும் சற்று நேரம் உற்றுப் பார்த்து, மூச்சு விடுவது எலி என்று சொன்னான். அன்றே உத்தரவு கையில் கிடைத்தது. அன்றிலிருந்து காட்டுக்கே அவன்தான் கம்ப்யூட்டர் நிபுணன். அந்த ஒரு விஷயத்துக்கு மேல் தனக்கு எதுவும் தெரியாது என்பது அவனுக்கு நன்றாகத் தெரியும். அதை யாரிடமாவது சொல்ல வேண்டும் என்று பல முறை நினைத்திருக்கிறான். சம்பள நாள் குறுக்கே வந்துவிடும்.

மழைக்காலத்தில் அந்த அலுவலகத்துக்கு ஈ காக்கைகூட வராது. குளம் நிரம்பியிருக்கும்போது யார் குடிபெயரப் போகிறார்கள்? அப்படி ஒரு நாள் மாசிலாமணி 'கோழி துரத்து' என்று ஒரு கேமை டவுன்லோட் செய்தான். நாள் போவதே தெரியவில்லை.

அலுவலகத்தின் மேலதிகாரி தாண்டவராயன் என்கிற யானை. அவர் வருவதற்குக் கால் மணி நேரம் முன்பே மேசைமேல் இருக்கும் டீ கிளாஸ் நடுங்க ஆரம்பிக்கும். கிளாஸ் நடுங்கியதும் மாசிலாமணி திரையில் இருக்கும் கோழிப் படத்தைப் பிடித்து இழுத்துக் குப்பைத்தொட்டியில் போட்டு, தொட்டியையும் காலி செய்துவிடுவான். கேம் ஒழிந்தது என்று நிம்மதியாக இருக்கும். இனி ஒழுங்காக இருக்க வேண்டும் என்று தீர்மானமும் செய்வான். அந்தத் தீர்மானம் ஒரு வாரம் தாங்கும். அதன் பிறகு வேறு ஒரு கேமை இறக்குவான். மறுபடி கிளாஸ் நடுங்கும், மறுபடி குப்பைத்தொட்டி. இப்படி மழைக்காலம் முடிவதற்குள் பதினோரு தடவை திருந்தினான்.

கோடை வந்தது. குளங்கள் வற்றத் தொடங்கின. ஆற்றங்கரைக்குப் போக வேண்டும் என்றால் விண்ணப்பம் கொடுக்க வேண்டும் என்பது காட்டின் சட்டம். கடைசித் தேதி வெள்ளிக்கிழமை, மாலை ஐந்து மணி. அன்று காலை அலுவலக வாசலில் அறுபது விலங்குகள் நின்றன. முதலில் நின்றவள் பூங்காவனம் என்கிற ஆமை. வெள்ளிக்கிழமை வரிசைக்கு அவள் போன வெள்ளிக்கிழமையே கிளம்பியிருந்தாள். கவுண்டர் அவளுக்கு எட்டாததால், பின்னால் நின்ற காட்டெருமை அவளைத் தூக்கி மேசைமேல் வைத்தது.

மாசிலாமணி அவளுடைய பெயர், ஓட்டின் நீள அகலம், தற்போதைய குளத்தின் பெயர் எல்லாவற்றையும் அடித்து முடித்து, 'சமர்ப்பி' என்பதை அழுத்தினான்.

'சேமிக்க இடமில்லை' என்று வந்தது.

மறுபடி அழுத்தினான். மறுபடியும் அதே பதில். கம்ப்யூட்டரை அணைத்துப் போட்டான். வாலால் திரையைத் துடைத்தான். அவனுக்குத் தெரிந்த தொழில்நுட்பம் அத்துடன் முடிந்தது.

"சர்வர் பிஸி" என்று வரிசையைப் பார்த்து அறிவித்தான்.

"எப்ப வருவாரு?" என்று கேட்டது காட்டெருமை.

"மதியத்துக்குள்ள வந்துடுவாரு."

வரிசை அமைதியானது. இடத்தை அடைப்பது எது என்று மாசிலாமணி ஒவ்வொரு ஃபோல்டராகத் திறந்து பார்த்தான். ஒன்றில் யாருடைய பிரிவு உபசார விழாவோ நானூறு புகைப்படங்களாக இருந்தது. இன்னொன்றில் அதே புகைப்படங்கள் மறுபடியும் இருந்தன.

மேசைமேல் இருந்த பூங்காவனத்துக்குத் திரை முழுவதும் தெரிந்தது.

"என்ன சார் தேடறீங்க?"

"ஒரு கோப்பும்மா."

"என்ன கோப்பு?"

"அலுவலகக் கோப்பு."

பூங்காவனம் கழுத்தை நீட்டி, வரிசைக்குக் கேட்காத குரலில், "கேமா சார்?" என்றாள்.

மாசிலாமணியின் காது இரண்டும் மடிந்தன. அவன் மெல்ல எல்லாவற்றையும் சொன்னான். கோழி, கிளாஸ், குப்பைத்தொட்டி, ஒன்றையும் விடவில்லை. ஆறு மாதத்தில் அவன் பேசிய உண்மை அது ஒன்றுதான். சொல்லி முடித்ததும் மூச்சு வாங்கியது.

"குப்பையில போட்டதும் போயிடுச்சுன்னு நினைச்சேம்மா."

"நீங்க போட்டது வாசல்ல மாட்டுற பெயர்ப்பலகை சார். பலகையைக் கழட்டினா வீட்டுக்குள்ள இருக்கிற ஆளு காலி பண்ணிடுவானா? எனக்கும் இப்படி ஆகியிருக்கு. மீன்கொத்தி வீட்டு லேப்டாப்புல நான் கார் ரேஸ் ஆடுவேன்."

"நீங்களா?"

"வேற எங்க சார் நான் வேகமாப் போறது?" என்றாள் பூங்காவனம். "டவுன்லோட்ஸ்னு ஒரு ஃபோல்டர் இருக்கும், அதுல பாருங்க. இறக்கின மூட்டை அங்க கிடக்கும். மூட்டையைப் பிரிச்சு இன்ஸ்டால் பண்ணினது சி டிரைவுல புரோகிராம் ஃபைல்ஸ்ல இருக்கும். ரெண்டு இடத்தையும் காலி பண்ணணும்."

பார்த்தான். டவுன்லோட்ஸில் பதினோரு மூட்டைகள் இருந்தன. புரோகிராம் ஃபைல்ஸில் பதினோரு கேம்களும் குடும்பத்தோடு குடியிருந்தன. தன் மழைக்கால உழைப்பை ஒரே இடத்தில் பார்ப்பது அவனுக்கு அதுதான் முதல் தடவை. ஒவ்வொன்றாக நீக்கினான். 'நிச்சயமாக நீக்கவேண்டுமா?' என்று கம்ப்யூட்டர் ஒவ்வொன்றுக்கும் கேட்டது. கோழியிடம் வந்தபோது மட்டும் கை நின்றது.

"எத்தனையாவது லெவல் சார்?"

"ஒன்பது."

"அது சுலபமான லெவலாச்சே" என்றாள் பூங்காவனம். அதற்குப் பிறகு நீக்குவது கஷ்டமாக இல்லை.

மீண்டும் 'சமர்ப்பி' என்பதை அழுத்தினான். 'சேமிக்க இடமில்லை.'

"எது பெருசுன்னு அளவு வாரியா அடுக்கிப் பாருங்க சார்."

அடுக்கினான். டாக்குமென்ட்ஸுக்குள் 'பழைய சுற்றறிக்கைகள், திறக்க வேண்டாம்' என்று ஒரு ஃபோல்டர் இருந்தது. மூன்று வருடமாக அந்தப் பெயருக்குக் கட்டுப்பட்டு அவன் அதைத் திறந்ததே இல்லை. மொத்த இடத்தில் முக்கால்வாசி அதற்குள் இருந்தது; அவன் இப்போது காலி செய்த இடத்தையும் அது விழுங்கியிருந்தது. திறந்தான். உள்ளே ஒரே ஒரு கேம். பெயர் 'கரும்புத் தோட்டம்'. ஆட்டக்காரர்: தாண்டவராயன். நிலை: இருநூற்றுப் பன்னிரண்டு.

மணி மூன்றரை.

அதை அழித்தால் அறுபது விண்ணப்பங்களும் உள்ளே போய்விடும். மாசிலாமணியும் உப்புப்பாறைக் கிளை அலுவலகத்துக்குப் போய்விடுவான். அங்கே கரண்டே கிடையாது. அழிக்காவிட்டால் இந்த அறுபது பேருக்கும் வறண்ட குளம்தான். அவன் பூங்காவனத்தைப் பார்த்தான்.

"இன்னைக்கு முடியலேன்னா நீங்க திரும்பிப் போயிடலாமில்ல?"

"எங்க சார் போறது? நான் கிளம்பும்போதே குளத்துல சேறுதான் இருந்துச்சு."

மாசிலாமணி மவுஸைக் கொண்டுபோய் 'அழி' என்பதன் மேல் வைத்தான். விரல் இறங்கவில்லை. இந்த மாதிரி இடத்தில் கதைகளில் வரும் நரிகள் ஏதாவது தந்திரம் செய்யும். அவனும் யோசித்துப் பார்த்தான். ஒன்றும் வரவில்லை. போனை எடுத்தான்.

"ஐயா, டாக்குமென்ட்ஸ்ல ஒரு பழைய சுற்றறிக்கை இடத்தை அடைச்சுக்கிட்டு இருக்கு. அழிச்சுடவாங்களா?"

மறுமுனையில் போன் டக்கென்று வைக்கப்பட்டது. சற்று நேரத்தில் டீ கிளாஸ் மேசையிலிருந்து கீழே விழுந்தது.

தாண்டவராயன் ஓடி வந்த வேகத்தில் இரண்டு சிறிய மரங்கள் சாய்ந்தன. அவர் மூச்சு வாங்க உள்ளே வந்து திரையைப் பார்த்தார்.

"திறந்தியா?"

"பேரை மட்டும் பார்த்தேங்க ஐயா."

"இன்னைக்கு அறுவடை" என்றார் தாண்டவராயன். "மூணு வருஷக் கரும்பு, மாசிலாமணி."

"அறுபது பேர் நிக்கிறாங்க ஐயா. அஞ்சு மணி வரைக்கும்தான் நேரம்."

தாண்டவராயன் வரிசையைப் பார்த்தார். பிறகு கரும்பைப் பார்த்தார். கரும்பை ரொம்ப நேரம் பார்த்தார். ஒரு அதிகாரி இவ்வளவு ஆழமாக யோசித்து மாசிலாமணி பார்த்ததில்லை. கடைசியில் அவர் வராந்தாவுக்குப் போய்த் தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"ஆற்றங்கரைக்குப் போறதுக்கு இனிமே விண்ணப்பம் தேவையில்லை. எல்லாரும் போகலாம்."

யாரும் அசையவில்லை.

"அப்ப படிவம்?" என்றது காட்டெருமை.

"வேண்டாம்."

"ரெண்டு போட்டோ எடுத்துக்கிட்டு வந்தோமே."

"வீட்ல மாட்டிக்கோங்க."

"இத்தனை வருஷமா அந்தப் படிவம் எதுக்குங்க இருந்துச்சு?"

தாண்டவராயன் சற்று யோசித்தார். "அதைத் தெரிஞ்சுக்கத் தனியா ஒரு படிவம் இருக்கு. கம்ப்யூட்டர்ல இடம் இருக்கும்போது வாங்க."

அறுபது பேரும் ஆற்றைப் பார்த்து நடந்தார்கள். காட்டெருமை பூங்காவனத்தைத் தன் முதுகில் ஏற்றிக்கொண்டது. அவள் போகிற போக்கில் ஜன்னல் பக்கம் கழுத்தை நீட்டி, "கோழியைத் திரும்ப இறக்கிக்கோங்க சார். ஒன்பதாவது லெவல்ல இடதுபக்கமாவே ஓடினா போதும்" என்றாள்.

அலுவலகம் காலியானது. மாசிலாமணி யோசித்துப் பார்த்தான். விண்ணப்பம் ஒழுங்காக உள்ளே போயிருந்தால் பதில் வர நாற்பது நாள் ஆகும். அதற்குள் ஆமை ஓடு மட்டும்தான் மிஞ்சியிருக்கும். தான் கெட்டுப்போனதால் அறுபது பேர் பிழைத்திருக்கிறார்கள். இதற்குப் பெருமைப்படுவதா வெட்கப்படுவதா என்று அவனுக்குப் புரியவில்லை. வழக்கம்போல இரண்டையும் தள்ளிப்போட்டான்.

தாண்டவராயன் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்திருந்தார்.

"ஆமை சொன்னது என் காதுலயும் விழுந்துச்சு. நீ எத்தனை கேம் அழிச்ச?"

"பதினொண்ணுங்க ஐயா."

யானை நீளமாக ஒரு பெருமூச்சு விட்டார். "நாற்காலியை இழுத்துப் போட்டு உக்காரு. நான் வெட்டறேன், நீ கட்டு."

நீதி: தன் கேம் இருக்கும் ஃபோல்டர் தெரியாவிட்டால் ஒருவன்தான் தவிப்பான்; தன் அதிகாரியின் கேம் இருக்கும் ஃபோல்டர் தெரிந்துவிட்டால் காடே பிழைக்கும்.