பெனால்டிக்கு முன் ஒரு சுக விசாரணை

கல்முனையில் யாருக்காவது தும்மல் வருவதாக இருந்தால், அது மூக்கை எட்டுமுன் சுகமா காக்காவின் காதை எட்டிவிடும். மருதமுனையிலிருந்து சாய்ந்தமருது வரை கடற்கரையோரம் குடியிருக்கிற அத்தனை குடும்பங்களின் சீனி, பிரசர், மூலம், முழங்கால் வலி எல்லாம் அவருடைய தலைக்குள் இருந்தன. டாக்டர்மாருக்கே சந்தேகம் வந்தால் அவரைத்தான் கேட்பார்கள் என்று எங்கள் தெருவில் ஒரு கதை உண்டு. நான் அதை நம்புகிறவன்.

பெற்றவர்கள் வைத்த பெயர் அவருக்கும் ஒன்று இருந்தது. அது அடையாள அட்டையோடு நின்றுவிட்டது. 'காக்கா' என்றால் எங்கள் பக்கத்தில் அண்ணன். யாரைக் கண்டாலும் அவர் வாயிலிருந்து வரும் முதல் வார்த்தை, "வீட்ட எல்லாரும் சுகமா?" என்பதுதான். இதை நாமும்தான் கேட்கிறோம். ஆனால் கேட்டுவிட்டு, பதில் வருமுன் மோட்டார் சைக்கிளை முறுக்கிக்கொண்டு போய்விடுவோம். அவர் நின்று பதிலைக் கேட்பார். பிறகு அதிலிருந்து கிளைக் கேள்விகள் கேட்பார்.

ஒரு காலத்தில் அவர் எங்கள் கழகத்தின் கோல் காப்பாளர். நான் மாற்றுக் கோல் காப்பாளர். அவர் ஒருநாளும் காயப்படாத மனிதர் என்பதால் என் உதைபந்தாட்ட வாழ்க்கை முழுவதும் மைதான ஓரத்து வாங்குப் பலகையிலேயே கழிந்தது. அந்த வாங்கில் இருந்துதான் அவருடைய கலையைப் பார்த்துத் தெரிந்துகொண்டேன்.

எங்கள் பகுதியில் எதிரணிக்காரன் என்று முழுசாக ஒருவனும் கிடையாது. நின்று கதைத்தால் எப்படியாவது மச்சானாகவோ மருமகனாகவோ வந்து சேர்ந்துவிடுவான். பெனால்டி என்று நடுவர் விசில் ஊதியதும் சுகமா காக்கா கோலை விட்டு மெதுவாக நடந்து பந்து வைத்த இடத்துக்கு வருவார். கையுறையைக் கழற்றுவார். ஸலாம் சொல்லிக் கை கொடுப்பார். ஸலாம் சொன்னவருக்குப் பதில் சொல்லாமல் இருக்க முடியுமா? பதில் வந்ததும் கேட்பார்: "வாப்பாட கால் வீக்கம் வத்திட்டா தம்பி?"

வாப்பாவின் வீங்கிய காலை நினைத்துக்கொண்டு எவனால் பலமாக உதைக்க முடியும்? பந்து குழந்தை தவழ்கிற மாதிரி வந்து காக்காவின் மடியில் ஏறும். எதிரணிகள் முறைப்பாடு செய்து பார்த்தன. சுகம் விசாரிக்கக் கூடாது என்று சட்டத்தில் எங்கும் இல்லை என நடுவர்கள் கையை விரித்துவிட்டார்கள்.

மருதமுனை அணியோடு நடந்த இறுதிப் போட்டியில் ஆட்டம் முடிகிற தறுவாயில் அவர்களுக்கு ஒரு பெனால்டி கிடைத்தது. அடிக்க வந்தவன் நெசவுக் குடும்பத்துப் பையன். அவன் உதைத்தால் வலை கிழியும் என்பார்கள். காக்கா வழக்கம் போல நடந்து போனார்.

"அஸ்ஸலாமு அலைக்கும் தம்பி. உம்மாக்கு இப்ப எப்படி?"

"வஅலைக்குமுஸ்ஸலாம். உம்மாக்கு என்ன?"

"ஒண்டுமில்ல. காலைல ஆசுபத்திரியில மருந்துப் போத்தலோட நிண்டாங்க. அதான் கேட்டன். நீ அடி."

அவன் அடித்தான். பந்து கோலுக்கு மேலால், மதிலுக்கும் மேலால் போய்ப் பக்கத்துத் தென்னந்தோப்பில் விழுந்தது. அது விழுந்த இடத்தை அவன் பார்க்கவில்லை. பூட்ஸ் காலோடு வீட்டுக்கு ஓடிக்கொண்டிருந்தான். அங்கே உம்மா தறியில் இருந்தபடி, "நான் எங்கயும் போகல்லியே மகன்" என்றாராம்.

கிண்ணம் எங்களுக்கு வந்தது. அவனுக்குத் 'தென்னந்தோப்பு' என்ற பெயர் வந்தது. பிற்காலத்தில் அவன் சாரன் வியாபாரத்தில் முன்னுக்கு வந்து, ஹஜ்ஜுக்கும் போய்வந்து மதிப்புக்குரிய ஹாஜியார் ஆனபோதும், முதுகுக்குப் பின்னால் 'தென்னந்தோப்பு ஹாஜியார்' என்றே சொன்னார்கள். காக்கா பொய் சொல்லித் தன்னைக் கவிழ்த்தார் என்று ஹாஜியார் முடிவெடுத்துவிட்டார். பேச்சு வார்த்தை அன்றோடு நின்றது. காக்கா தன் பக்கத்தில், "நான் ரெண்டு கண்ணாலயும் கண்டன்" என்பதைத் தவிர வேறு எதுவும் சொன்னதில்லை.

முழங்கால் ஒத்துழைக்க மறுத்ததும் காக்கா உதைபந்தாட்டத்தை விட்டார். சுகம் விசாரிப்பதை விடவில்லை. அவருடைய அடுத்தடுத்த தொழில்கள் எல்லாம் கவிழ்ந்ததற்கு வேறு காரணம் தேட வேண்டியதில்லை.

முதலில் கலியாண மண்டபத்தில் அறிவிப்பாளர் ஆனார். நல்ல கனத்த குரல். மாப்பிள்ளை ஊர்வலம் வந்து சேர்ந்ததும், "இதோ மணமகன் வருகிறார்" என்று ஆரம்பிக்க வேண்டியவர், பின்னால் வந்த பெரியவரைக் கண்டுவிட்டார். ஒலிபெருக்கி அலறியது: "ஆ, மாமா! மூலத்துக்கு வெட்டினீங்களே, இப்ப இருக்க ஏலுமா? சஹன் தட்டுல திங்கக் கீழ இருக்க ஏலாட்டி செல்லுங்க, கதிர போடச் செல்லுறன்!"

மண்டபம் முழுவதும் திரும்பிப் பார்த்தது. மாமா அன்று சாப்பிடாமலே போய்விட்டார். காக்காவுக்கோ அவர் சாப்பிடாமல் போனதுதான் கவலை. இரவாகுமுன் ஒரு சட்டிப் புரியாணியோடு அவர் வீட்டு வாசலில் நின்றார்.

அடுத்தது நடிப்பு. எங்கள் ஊர் இளைஞர்கள் சிலர் யூடியூபுக்கு நாடகம் எடுத்தார்கள். காக்காவின் உடம்பைப் பார்த்து வில்லன் வேடம் கொடுத்தார்கள். கதவை உதைத்துத் திறந்து, கிழவர் ஒருவரைக் கழுத்தில் பிடித்து வெளியே தள்ள வேண்டும். கதவை அபாரமாக உதைத்தார். கழுத்தையும் பிடித்தார். பிடித்த கையோடு, "கண் ஒபரேசன் செஞ்ச ஆள், இந்த வெளிச்சத்துக்கு முன்னால நிக்கலாமா?" என்று கிழவரை அணைத்து நிழலில் உட்கார வைத்தார்.

வசனமே இல்லாத வேடமாகப் பார்த்து, இறந்து கிடப்பவராகப் போட்டார்கள். தலைமாட்டில் ஒரு பையன் அழ வேண்டும். பையன் நன்றாகவே அழுதான். ஜனாஸா ஒரு கண்ணைத் திறந்து, "உண்மையா அழுறியாடா? வீட்ட என்ன பிரச்சின?" என்றது. நாடகத்தை ஒருவரும் பார்க்கவில்லை. அந்தத் துண்டைத்தான் வெளிநாட்டில் இருக்கிற எங்கள் ஆட்கள் இன்றைக்கும் ஒருவருக்கொருவர் அனுப்பிக்கொண்டிருக்கிறார்கள்.

பிறகு பிரதான வீதியில் கொத்து ரொட்டிக் கடை போட்டார். கை நல்ல கை. தகட்டில் அவர் கொத்துகிற சத்தத்துக்கே பசி வரும். ஆனால் ஓடர் கொடுத்தால் ஆளை ஏற இறங்கப் பார்ப்பார்.

"பீஃப் கொத்தா? உங்கட வாப்பாக்கு பிரசர் இரிக்கி. மூத்தவாப்பாவும் அதிலதான் மௌத்து. உங்களுக்கு ரெண்டு இடியப்பம் தாறன்."

"காக்கா, நான் காசு தந்து தின்ன வந்திரிக்கன்."

"ஓம். அதுக்கு நான் உங்கள மௌத்தாக்க ஏலுமா?"

கொத்துக் கடையில் இடியப்பம் மட்டும் ஓடியது. கடையும் கொஞ்ச நாளில் ஓடிவிட்டது.

கடைசியில்தான் ஃபுட்சல் என்கிற சின்ன உதைபந்தாட்டத்துக்கு ஒரு மைதானம். பழைய நெல்லுக் களஞ்சியம் இருந்த காணியில் பச்சைப் பாய் விரித்து, சுற்றிவர வலை கட்டினார். இது மட்டும் கவிழவில்லை. விளையாட வருகிறவன் மூச்சு வாங்கும்போது சுகம் விசாரிப்பது பொருத்தமாகவே இருந்தது.

அப்போதுதான் சோதனை வந்தது. காக்காவுக்கு ஒரே மகள். ஆசிரியை. அதே பாடசாலையில் படிப்பித்த ஒரு பையனுக்கும் அவளுக்கும் மனம் ஒத்துப்போயிற்று. நல்ல பையன், தொழுகையாளி, ஒரு குறையும் இல்லை. வாப்பா யார் என்று விசாரித்தால், தென்னந்தோப்பு ஹாஜியார்.

எங்கள் பக்கத்தில் கலியாணம் முடித்தால் மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்குக் குடிவருவார். ஹாஜியார் துள்ளிக் குதித்தார்: "என்ட மகன் போய் அந்த மனுசன்ட வீட்டில சோறு தின்னுறதா? நான் உசிரோட இரிக்கிற வரைக்கும் நடக்காது!"

பள்ளிவாசல் பெரியவர்கள் போய்க் கதைத்தார்கள். பல நாள் இழுபறிக்குப் பின் ஹாஜியார் ஒரு நிபந்தனைக்கு இறங்கினார். அந்தப் பெனால்டியைத் திரும்ப அடிக்க வேண்டும். காக்கா வாயைத் திறக்கக் கூடாது. கோல் விழுந்தால் பழைய கதை முடிந்தது, கலியாணம் நடக்கும். விழாவிட்டால் பேச்சே வேண்டாம்.

நான் கொழும்பிலிருந்து விடுமுறையில் போயிருந்தேன். காக்காவின் அணியில் இருந்தும் ஒரு பந்தைக்கூடத் தொடாதவன், இப்போது கொழும்புக்காரன், எந்தப் பக்கமும் சாயமாட்டான் என்று என்னை நடுவராக்கினார்கள். அன்று லுஹர் தொழுதுவிட்டு வரும் வழியில் காக்கா என் கையைப் பிடித்தார். அவர் என் வீட்டுச் சுகம் விசாரிக்காத ஒரே நாள் அதுதான்.

"விட்டனெண்டா மகளுக்காகக் கோல வித்தவன் எண்டுவாங்க. புடிச்சனெண்டா புள்ளட வாழ்க்க. நான் என்னடாம்பி செய்ய?"

நடுவரிடம் ஆலோசனை கேட்பது முறையல்ல என்றேன். 

மாலை அஸர் தொழுகைக்குப் பிறகு காக்காவின் மைதானத்து வலையைச் சுற்றிலும் சனம். வேலிக்கு அந்தப் பக்கம் பெண்கள், நடுவில் மகள். ஹாஜியார் சாரனை மடித்துக் கட்டிப் பந்தை வைத்தார். காக்கா உதடுகளை இறுக்கிக்கொண்டு கோலில் நின்றார். நான் விசில் ஊதினேன்.

ஹாஜியார் அடிக்கவில்லை. காக்காவைப் பார்த்தார். பந்தைப் பார்த்தார். பின்னால் போனார், முன்னால் வந்தார், திரும்பவும் நின்றார். இத்தனை வருடம் மனத்துக்குள் அடித்துப் பார்த்த பெனால்டியில் காக்காவின் கேள்வியும் சேர்ந்திருந்திருக்க வேண்டும். அது இல்லாமல் அவருடைய கால் எழும்பவில்லை.

"ஏன் கேக்கிறீங்க இல்ல?" என்றார் ஹாஜியார்.

காக்கா தன் வாயைத் தொட்டுக் காட்டினார்.

"பரவாயில்ல. கேளுங்க."

காக்கா நடந்து வந்தார். கையுறையைக் கழற்றினார். ஸலாம் சொன்னார். "தம்பி, உம்மா மௌத்தாகி வருசம் ஒண்டாகப் போகுது. நீ சுகமா இரிக்கியா?"

ஹாஜியார் பச்சைப் பாயில் அப்படியே குந்திவிட்டார். தோளில் கிடந்த துவாயால் முகத்தை மூடிக்கொண்டார். துவாய்க்குள்ளிருந்து குரல் வந்தது. "ஜனாஸாக்கு ஊரே வந்திச்சு. நீ சுகமா எண்டு ஒருத்தரும் கேக்கல்ல காக்கா. அண்டைக்கு உம்மா ஆசுபத்திரிக்குப் போனதுதான். மெச் இரிக்கி எண்டு எனக்கு மறைச்சிட்டாங்க. மௌத்தாகுறதுக்கு முதல்தான் சென்னாங்க. உங்கட மூஞ்சியில முழிக்க எனக்கு வெக்கம். அந்த வெக்கத்திலதான் இவ்வளவு துள்ளினன்."

சனம் கண்ணைத் துடைத்தது. எல்லாம் முடிந்தது என்று நினைத்து நான் விசிலைச் சட்டைப்பைக்குள் போட்டேன். அதற்குள் ஹாஜியார் எழும்பி, "கோலுக்குப் போங்க, அடிக்கப் போறன்" என்றார்.

அடித்தார் பாருங்கள் ஒரு அடி! இடது மூலைக்குச் சீறிக்கொண்டு போனது. ஒத்துழைக்க மறுத்த அந்த முழங்காலுக்கு எங்கிருந்து பலம் வந்ததோ, காக்கா பாய்ந்து இரண்டு கையாலும் பந்தைப் பிடித்து நெஞ்சோடு அணைத்தபடி விழுந்தார்.

 காக்கா படுத்தபடியே கையிலிருந்த பந்தைப் பார்த்தார். "யா அல்லாஹ், மகள்!" என்று அலறிப் பந்தைத் தூர எறிந்தார்.

ஹாஜியார் சிரிக்கத் தொடங்கினார். வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "விட்டுத் தந்திருந்தீங்க எண்டா திரும்பிப் போயிருப்பன் காக்கா. மகள்ட கலியாணத்துக்கும் கள்ளம் செய்யாத ஆளயா நான் இத்தன வருசம் பொய்யன் எண்டு சென்ன? கலியாண நாளக் குறிங்க!" வேலிக்கு அந்தப் பக்கத்திலிருந்து பெண்கள் நாக்கைச் சுழற்றிப் போடும் குரவைச் சத்தம் கிளம்பியது.

கலியாணத்தில் காக்காவை ஒலிபெருக்கிக்குப் பக்கத்தில் விடவில்லை. ஹாஜியாரும் அவரும் ஒரே சஹனில் இருந்து சாப்பிட்டார்கள். ஹாஜியாருக்குச் சீனி வருத்தம் இருப்பதால் இனிப்பு வட்டிலாப்பத்தைக் காக்கா தன் பக்கம் இழுத்துக்கொண்டார்.

கொழும்பில் எனக்கு வருகிற தொலைபேசி அழைப்புகளில் பாதி எதையாவது விற்பதற்கு, மீதி எதையாவது கேட்பதற்கு. வெள்ளிக்கிழமைகளில் வருகிற ஒரே ஒரு அழைப்புத்தான் என் உம்மாவின் கால் எரிச்சலைப் பற்றியது. போன வெள்ளி அது வரவில்லை. மாலை வரை பொறுத்துப் பார்த்துவிட்டு நானே எடுத்தேன்.

"காக்கா, சுகமா?" என்றேன்.

 அந்தக் கேள்வியை அவரிடம் யாரும் கேட்டிருக்க மாட்டார்கள் போலும். இருமிக்கொண்டே, "என்னடாம்பி, பெனால்டி அடிக்கப் போறியா?" என்றார்.

"இல்ல காக்கா, சும்மா கேட்டன்" என்றேன். சும்மா கேட்கவில்லை.