ஆமை கடலுக்குப் போச்சா?

நண்பன் ராஜவேலின் கல்யாண வீடியோவில், அவன் தாலி கட்டும் இடத்தில் கேசட் சிக்கிக்கொண்டது. லூயிஸ் மெல்லத்தான் இழுத்தான். நாடா இடியாப்பமாக வெளியே வந்தது.

அவனுக்கு வேண்டியது கல்யாணமே இல்லை, ஆமை. ஒரு காலத்தில் கடலூர் லோக்கல் கேபிளில் வந்த 'கெடிலத்து ஆமை' என்ற பொம்மைத் தொடரைத் தேடிப்பிடித்து இணையத்தில் ஏற்றிக்கொண்டிருந்தான். நாற்பதை நெருங்குகிறவன் பொம்மைத் தொடர் சேர்ப்பது தெரிந்தால் மானம் போகும் என்று பெயர் மட்டும் போடவில்லை. கடைசிப் பாகம் யாரிடமும் இல்லை. 'சுண்டெலி' என்ற பெயரில் ஏதோ ஒன்று இரண்டு வருஷமாக மெயில் போட்டு உயிரை வாங்கியது: "ஆமை கடலுக்குப் போச்சா, இல்லையா?"

லூயிஸுக்கே தெரியாது. கடைசிப் பாகம் வந்த அன்று ராஜவேல் எங்கேயோ துணைக்குக் கூப்பிட்டான் என்று, பதிவு பட்டனை அமுக்கிவிட்டுப் போனவன் அவன். பிறகு ராஜவேல் கல்யாணத்தில் வீடியோக்காரருக்குக் கேசட் தீர்ந்தபோது, போட்டுக்கூடப் பார்க்காமல் அதையே கொடுத்த புண்ணியவானும் அவன்தான்.

கல்யாணம் முடிந்த இடத்துக்கு அப்புறம் ஆமை மிஞ்சியிருக்கலாம். அந்த நப்பாசையில்தான், "சிடி போட்டுத் தர்றேன் மச்சான்" என்று சிதம்பரத்தில் ராஜவேல் வீட்டுக்குப் போய்க் கேசட்டை வாங்கி வந்திருந்தான்.

நாடாவை வெட்டி ஒட்டி ஓட்டினான். ஆமை முழுசாக இருந்தது. தாலிதான் போய்விட்டது.

போன் அடித்தது. ராஜவேல்.

"மச்சான், இன்னிக்கு எங்க கல்யாண நாள்டா. எல்லாரும் உக்காந்திருக்கோம். சிடிய எடுத்துக்கிட்டு வா!"

லூயிஸ் தன் கல்யாண வீடியோவிலிருந்து தாலி கட்டும் காட்சியை எடுத்து அந்த ஓட்டையில் செருகினான். மனைவி அனிதா எட்டிப் பார்த்தாள்.

"அது நம்ம மாதா கோயில்ல எடுத்ததாச்சே?"

"கையும் கழுத்தும்தான் தெரியுது. யாரு கண்டுபிடிக்கப் போறாங்க?"

பின்னால் பாடல்குழு பாடியது. அதன்மேல் நாதஸ்வரத்தை ஏற்றினான். எல்லாம் சரியாகிவிட்டதாக நம்பினான், பாவம்.

சிதம்பரத்தில் சிடி ஓடியது. கெட்டிமேளம் முழங்கியது. திரையில் சிலுவை பொறித்த தாலி பளபளத்தது. வெள்ளை அங்கிக் கை ஒன்று நீண்டு ஆசீர்வதித்தது.

"அய்யரு எப்படா அங்கி போட்டாரு?" என்றாள் ராஜவேலின் அம்மா தைலம்மாள்.

ராஜவேல் திரையைப் பார்த்தான். மனைவி ஜெயராணியின் கழுத்தைப் பார்த்தான். "மச்சான், நான் யாருக்குடா தாலி கட்டுனேன்?"

"எனக்குத்தான்... இல்ல, அது என் பொண்டாட்டிக்கு நான் கட்டுனது" என்று லூயிஸ் உளறினான். அப்புறம் மறைக்க வழியில்லை. கேசட், ஆமை, சுண்டெலி, எல்லாவற்றையும் கொட்டினான். "மன்னிச்சிடு தங்கச்சி. முகம் தெரியாத யாருக்கோ ஆமையக் காட்டப் போயி, உன் தாலிய அழிச்சிட்டேன்."

ஜெயராணி எழுந்து அவன் முன்னால் வந்து நின்றாள். அறை விழும் என்றே லூயிஸ் நினைத்தான்.

"ஆமை கடலுக்குப் போச்சாண்ணே?"

"போ... போயிடுச்சும்மா."

"அப்பாடா!" என்று நெஞ்சில் கை வைத்தாள். "நீங்க ரெண்டு பேரும் பொண்ணு பாக்க வர்றீங்கன்னுதான் கடைசிப் பாகம் ஓடுறப்ப எங்க வீட்டுல டிவிய அணைச்சாங்க. சுண்டெலி நான்தாண்ணே!"