தைஸ்தோவின் ரகசியச் சதுப்பு

தைஸ்தோ வாயைத் திறந்தால் செடிகொடிதான். காஞ்சொறித் துளிரில் சூப் வைத்தால் உடம்புக்கு நல்லது, மீனுக்குப் புகை போட ஆல்டர் விறகுதான் சரி, சதுப்பில் வளரும் நெடியடிக்கும் செடியில் ஒரு கொத்தைக் கோட்டு அலமாரியில் தொங்கவிட்டால் பூச்சி அண்டாது என்று, கேட்டவர்களுக்கும் கேட்காதவர்களுக்கும் சொல்லிக்கொண்டே இருப்பார். ஒரே ஒரு விஷயத்தில் மட்டும் மனுஷர் கப்சிப். அவர் ஹில்லா என்கிற காட்டுப் பழத்தைப் பறிக்கிற சதுப்பு நிலம் எங்கே இருக்கிறது என்பதுதான் அது.

இதில் குற்றம் சொல்லவும் முடியாது. வடக்குப் பின்லாந்தில் ஹில்லா இடத்தை யாரும் யாருக்கும் சொல்வதில்லை. வீட்டை எழுதிவைப்பார்கள், படகை எழுதிவைப்பார்கள், ஹில்லா இடத்தை மட்டும் போகும்போது கூடவே எடுத்துக்கொண்டு போய்விடுவார்கள். ஆனாலும் கட்டிய மனைவியிடம் நாற்பது வருடமாக மூச்சு விடாமல் இருப்பதெல்லாம் கொஞ்சம் அதிகம் என்பது அவர் மனைவி ரௌனியின் கட்சி.

ஜூலைக் கடைசியில் ஒரு நாள், செங்காயாக இருந்ததெல்லாம் பொன்னிறமாகப் பழுத்திருக்கும் நேரம் பார்த்து, காலையிலேயே வாளியோடு கிளம்புவார். முதலில் தெற்கே நடப்பார். யாரும் பார்க்கவில்லை என்று தெரிந்ததும் வடக்கே திரும்புவார். சாயங்காலம் நிறைந்த வாளியோடு வந்து, "அப்பாடா, எவ்வளவு தூரம்!" என்று நாற்காலியில் சாய்வார். காபி வரும், சூடான ஏலக்காய் பன் வரும், ரௌனியே உட்கார்ந்து காலைப் பிடித்துவிடுவாள். வருடம் முழுக்க அந்த வீட்டில் ரௌனியின் ராஜ்யம். அந்த ஒரு நாள் மட்டும் அவர் ராஜா. இடம் தெரிந்துவிட்டால் அந்த ஒரு நாளும் போச்சு.

இந்த வருடம் முழங்காலில் ஆபரேஷன். ஈர நிலத்தில் தனியாகக் கால் வைக்கவே கூடாது என்று டாக்டர் கறாராகச் சொல்லிவிட்டார்.

"இடத்தைச் சொல்லுங்க. நான் போய்ப் பறிச்சிட்டு வர்றேன்," என்றாள் ரௌனி.

"உன்னால முடியாது. ரொம்ப தூரம்."

"எவ்வளவு தூரம்?"

"அதைச் சொன்னா இடத்தையே சொன்ன மாதிரி."

"அப்ப பழமெல்லாம் வீணாப் போகட்டுமா?"

"வீணா ஏன் போகுது? கொக்கு தின்னும், கரடி தின்னும். கொக்கு யார்கிட்டயும் போய்ச் சொல்லாது."

"நான் மட்டும் சொல்லுவேனாக்கும்?"

ரௌனிக்கு ஒரு தங்கை உண்டு. அந்தத் தங்கைக்கு ஒரு டெலிபோன் உண்டு.

"சரி, நானே தேடிக்கறேன்," என்று ரௌனி எழுந்துவிட்டாள்.

மறுநாள் காலையில் வாளியோடு போனவள் மத்தியானமே திரும்பினாள். வாளி நிறைய ஹில்லா. தைஸ்தோவுக்குத் தூக்கிவாரிப் போட்டது.

"எங்க பறிச்சே?"

"நல்லா இருக்கே! எந்த ஹில்லாக்காரனாவது இடத்தைச் சொல்லுவானா?"

ஒரு பழத்தை எடுத்து வாயில் போட்டார். கண்ணைக் கட்டிவிட்டுக் கொடுத்தாலும் என் சதுப்புப் பழத்தைக் கண்டுபிடிப்பேன் என்று ஊரெல்லாம் சவால் விட்டவர் அவர். பக்கத்து வீட்டு அர்மாஸ் பறித்து வரும் பழத்தை, "இது பழமாய்யா? தவளை குளிச்ச தண்ணி" என்று முகத்துக்கு நேரே சொன்னவர். இப்போது கண்ணை மூடி நாக்கில் உருட்டினார். அதே தேன், அதே இளம்புளிப்பு. சந்தேகமே இல்லை. கண்டுபிடித்துவிட்டாள்!

"ஏன் முகம் ஒரு மாதிரி ஆயிடுச்சு?" என்றாள் ரௌனி.

"கால் வலி."

அன்று அவருக்குச் சாப்பாடு இறங்கவில்லை. மறுநாள் ரௌனி, "தங்கச்சி வீட்டுக்குப் போறேன், வர சாயங்காலம் ஆகும்," என்று சொல்லிவிட்டுக் கிளம்பியதுதான் தாமதம், தைஸ்தோ கைத்தடியை எடுத்தார். போய்ப் பார்க்காமல் இருப்புக் கொள்ளவில்லை. இத்தனை வருடமும் சுற்றிச் சுற்றிப் போனவர், முழங்காலுக்குப் பயந்து இன்று நேர்வழியிலேயே போனார்.

பைன் மரங்களைத் தாண்டியதும் சதுப்பு பொன்னாய் மின்னியது. ஒரு காலடித் தடம் இல்லை. ஒரு பழம் குறையவில்லை. தைஸ்தோ சந்தோஷத்தில் ஒற்றைக் காலால் குதித்தார்.

"ஒருத்தரும் தொடல! என் தங்கங்களா, ஒருத்தரும் தொடல!"

"கத்தாதீங்க. கொக்கு பறந்துடும்."

திரும்பினார். ரப்பர் பூட்ஸும் இரண்டு வாளியும் காபி பிளாஸ்க்குமாக ரௌனி நின்றிருந்தாள். அந்தப் பக்கம் பழம் கொத்திக்கொண்டிருந்த இரண்டு பெரிய கொக்குகளும் தலையைத் தூக்கி வேடிக்கை பார்த்தன.

"நீ... தங்கச்சி வீட்டுக்குப் போகல?"

"நம்ம வீட்டுக் கொல்லைல இருக்கிற சவுனாக் குளியல் குடிசைக்குப் பின்னாடி ஒளிஞ்சு நின்னு, உங்க பின்னாலேயே வந்தேன்." ரௌனி சுற்றிப் பார்த்தாள். "ஏங்க, இதுதான் அந்த ரொம்ப தூரமா? சவுனாவோட புகைபோக்கி இங்கேருந்து தெரியுதே! சாயங்காலம் வரைக்கும் இங்க என்னதான் பண்ணுவீங்க?"

தைஸ்தோவின் கண் அவரை மீறிப் பைன் மரத்தடிக்குப் போனது. ரௌனியின் கண்ணும் போனது. அங்கே, எப்போதோ காணாமல் போன சோபாத் திண்டு கிடந்தது.

"அடப்பாவமே! இதுக்கு நான் நாயைத் திட்டினேனே!"

தைஸ்தோ அசடு வழிந்தார். ரௌனி சிரித்தாள், சிரித்துக்கொண்டே இருந்தவளின் குரல் மாறியது.

"இடம் தெரிஞ்சு நான் என்ன பண்ணப் போறேன்? நீங்க சேத்துல விழுந்து கிடந்தா எங்கேன்னு வந்து தேடுவேன்? வருஷா வருஷம் அந்த ஒரு நாள் முழுக்க நான் ஜன்னலை விட்டு நகர்ந்ததில்ல, தெரியுமா?"

இவள் அங்கே பதறிக்கொண்டிருக்க, நாம் இங்கே குறட்டை விட்டிருக்கிறோமே என்று அவருக்கு வெட்கமாக இருந்தது. ரௌனி அவரைத் திண்டில் உட்காரவைத்து, காபி ஊற்றிக் கையில் கொடுத்துவிட்டுப் பழம் பறிக்கக் குனிந்தாள்.

"உன் தங்கச்சிகிட்டச் சொல்லிட மாட்டியே?"

"அந்தக் கொக்கு சொன்னாத்தான் உண்டு."

பாதிக் காபியில் தைஸ்தோ நிமிர்ந்தார்.

"இரு, இரு. அப்ப நேத்து கொண்டு வந்தியே, இங்க யாரும் தொடலையே, அது எங்க பறிச்சது? நம்ம பழத்தோட ருசியேதான். என் நாக்கு பொய் சொல்லாது!"

ரௌனி நிமிரவே இல்லை.

"அது அர்மாஸ் வீட்டுத் தவளைத் தண்ணிங்க."