அரிசி டின்னுக்குள்ள ஒரு விஸ்கிப் போத்தல்

கை ரெண்டும் மரவள்ளிக்கிழங்கு மண்ணா இருக்கு. ஒரு கிழங்கைத் தோலுரிக்கிறேன், கையைத் தொடைக்கிறேன், ரெண்டு வரி எழுதுறேன். பங்களாக் குசினி மேசையில உக்காந்து இப்படித்தான் எழுத முடியுது. நான் படிச்சது அஞ்சாம் வகுப்பு. பெரட்டுக்களத்துல கொழுந்தெடுக்கப் பேர் கூப்பிட்டாக்கூட சத்தமாப் பதில் சொல்ல வெக்கப்படுறவ. ஆனா இதைச் சொல்லாம இருந்தா எனக்கு வயிறு வெடிச்சிரும்.

எங்க வீட்டுக்காரர் இந்தத் தேயிலைத் தோட்டத்துத் தொரை பங்களாவுல எடுபிடி. விறகு பொளப்பாரு, சப்பாத்துத் தொடைப்பாரு. போன மாசம் பழைய கோக்கி சமையலை விட்டுட்டு மகன் வீட்டோட போயிட்டாரு. அதே வாரம் தொரை சம்சாரம் தொரசானியோட தங்கச்சி லண்டன்ல இருந்து வந்து எறங்குனாங்க. சனிக்கிழமை பார்ட்டி. முப்பது பேர்.

பார்ட்டிக்கு ரெண்டு நாள் முன்ன இவர் எங்க லயத்து வீட்டுக்குள்ள வரும்போதே நெஞ்சு ரெண்டு அடி முன்னால வந்துச்சு.

"பூரணி! நான் கோக்கியாகப் போறேன்!"

"உங்களுக்குத் தண்ணி கொதிக்கிறது கூடத் தெரியாதேங்க."

"எல்லாம் தெரியும்னு தொரசானிகிட்டச் சொல்லிட்டேன். சனிக்கிழமை நல்லா அமைஞ்சா வேலை நிரந்தரம். கோக்கி வீடு நமக்கு. வீட்டுக்குள்ளயே பைப்பு!"

பைப்புன்னதும் எனக்கு ஒடம்பெல்லாம் சிலுத்துப் போச்சு. லயத்துல தண்ணி புடிக்கப் பதினெட்டு வீட்டுக்கு ஒரே பீலி. மக லோஜினியை இடுப்புல வச்சுக்கிட்டு, கொடத்தோட வரிசையில நின்னவளுக்குத்தான் அது புரியும்.

"என்ன சமைக்கணுமாம்?"

"அந்தத் தங்கச்சியம்மாவுக்குத் தானியமே ஆகாதாம். தின்னா வயித்துவலியில சுருண்டுருவாங்களாம். டாக்டர் கட்டளை. அதோட எல்லாம் ஃப்யூஷனா இருக்கணும்."

"அப்படின்னா?"

"நம்ம சாப்பாட்டுக்கும் வெள்ளக்காரன் சாப்பாட்டுக்கும் கல்யாணம் கட்டி வைக்கிறது. சின்னச் சின்னதா, ஒரே வாயில போகணும். அப்புறம் காக்டெய்ல். பீரு, விஸ்கி எல்லாம் பார்லியில செய்யிறதாம், அதனால அதுவும் கூடாது. இருந்த விஸ்கியப் பூட்டி வைக்கச் சொல்லிட்டாங்க." இதைச் சொல்லும்போது மட்டும் அவரு கண்ணு தனியா மின்னுச்சு.

"செய்யப் போறது யாரு?"

"நீதான். நீ வீட்டுல செய்யி, நான் தூக்கிட்டுப் போயி நான் செஞ்சேன்னு சொல்லிக்கிறேன். நீதான் பங்களா வாசல்ல நின்னாலே நடுங்குவியே!"

"அதுவும் சரிதாங்க"ன்னேன்.

மறுநாள் சோத்துக்கு அரிசி அளக்க டின்னுக்குள்ள கையை விட்டா, அளக்குற சுண்டுல ணங்குன்னு ஏதோ முட்டுது. விஸ்கிப் போத்தல்! ஒரு தானியத்தை இன்னொரு தானியத்துக்குள்ள பூட்டி வச்சிருக்காரு மனுசன். மூடியைத் தொறந்து ஒரு மொடக்கும் போட்டாச்சு. தொரைக்குத் தெரிஞ்சா வேலையும் இல்ல, பைப்பும் இல்ல. எனக்குக் கை காலு ஓடல. அப்புறம் ஓடுச்சு. காலி கோடியல் சர்பத்துப் போத்தலைக் கழுவி, விஸ்கிய அதுல ஊத்தி, லோஜினி துணி மூட்டைக்குள்ள வச்சேன். விஸ்கிப் போத்தல்ல சாயத்தண்ணி, அதான் வெறுந்தேத்தண்ணி, ஊத்துனேன். சீனி போடல, பால் ஊத்தல. நெறம் அப்படியே! திரும்ப அரிசிக்குள்ள தூங்க வச்சுட்டேன்.

சனிக்கிழமை விடியக்கால ஆரம்பிச்சேன் பாருங்க, கையில சாமி வந்த மாதிரி! மரவள்ளியை அவிச்சுப் பிசைஞ்சு, உள்ள மீன் வச்சு, கட்லட். ரஸ்க் தூளுக்குப் பதிலா வறுத்த தேங்காப்பூ. ரோல்ஸுக்கு மாவுத்தோல் கிடையாது, வாட்டுன கோவா எலை, முட்டைக்கோசுதான். வட்டமா வெட்டுன பீட்ரூட் மேல சீஸ், அதுக்கு மேல ஒரு சொட்டுக் காரமான கட்டச் சம்பல். காக்டெய்லுக்கு மரத்தக்காளிச் சாறு, இஞ்சி, தேசிக்காப்புளி, தென்னஞ்சாராயம். அதை நான் ருசி பாக்கல. இவரு பாத்தாரு. நாலு கிளாஸ் பாத்தாரு.

"எதுல செஞ்சதுன்னு கேட்டா என்னடி சொல்றது?"

"கோக்கிக்குத் தெரியாதாங்க?"

"அரிசி இல்லையே?"

"அரிசி இல்லீங்க."

அதுக்கு மேல நான் வாயைத் தொறக்கல. அவரு கணக்குல தானியம்னா சோறு மட்டும்தான். ரொட்டின்னா அது ரொட்டி. ரெண்டு வேளை கோதுமை மா ரொட்டி திங்கிற ஆளு, அதைத் தானியம்னு ஒருநாளும் நெனைச்சதில்ல. எனக்கு அது தெரியும். தெரிஞ்சும் சும்மா இருந்தேன். அது பொய் இல்லையே?

பங்களாவுல நடந்ததைத் தோட்டக்காரர் கந்தப்பன் மாமா சொன்னாரு. தங்கச்சியம்மா நாலு கட்லட் முடிச்சு, அஞ்சாவதை வாயில வச்சுக்கிட்டு, "அற்புதம்! எதுல செஞ்சீங்க?"ன்னு கேட்டிருக்காங்க.

இவரு நெஞ்சை நிமித்தி, "சுத்தமான கோதுமை மா, மேடம்! அரிசி ஒரு மணி கூடக் கிடையாது!"

தங்கச்சியம்மா அப்படியே துப்பிட்டாங்களாம். தொரைக்கு மூஞ்சி பீட்ரூட்டு.

"அழகன்! கோதுமை தானியம் இல்லாம என்னய்யா?"

"ரொட்டி மா எப்படிங்க தொரை தானியமாகும்?"

அடுத்த நிமிசம் இவரு லயத்துக்கு ஓடி வந்துட்டாரு.

"பூரணி, வாடி! ஆளைக் கொன்னுட்டேன்!"

"எதைக் குடுத்தீங்க?"

"நீ செஞ்சதைத்தான்!"

"நீங்க செஞ்சதுல்ல?"

"ஐயோ, இல்லடி! நீதான் செஞ்ச! வந்து எல்லார் முன்னாலயும் சொல்லுடி!"

"எனக்கு வெக்கமா இருக்குங்க."

"கால்ல விழுறேன்டி!"

விழவிடல. லோஜினியை இடுப்புல வச்சு, துணி மூட்டையையும் எடுத்துக்கிட்டுப் போனேன். முப்பது பேர் பாக்குறாங்க. நான் தரையைப் பாத்தே சொன்னேன்: "மரவள்ளிங்க. மேல தேங்காப்பூ. மா ஒரு சிட்டிகை கூட இல்லீங்க."

தங்கச்சியம்மா துப்புனதுக்குப் பதிலா ரெண்டு எடுத்தாங்க. தொரசானி கேட்டாங்க: "அப்ப கோக்கி யாரு?"

நான் இவரைப் பாத்தேன். இவரு லோஜினியைப் பாத்தாரு. லோஜினி கட்லட்டைப் பாத்துச்சு.

வேலை எனக்கு. குசினிக்குள்ள போனதும் கோடியல் போத்தலைத் தொரசானி கையில குடுத்தேன். "பூட்டச் சொன்ன சாமானுங்க. இவருக்குச் சாவி கெடைக்கலையாம்." அவங்க சிரிச்ச சிரிப்புல எனக்குப் பாதி வெக்கம் போயிருச்சு.

நேத்துத்தான் கோக்கி வீட்டுக்குக் குடி வந்தோம். பைப்பை நான் இருபது தடவை தொறந்து மூடிட்டேன்! எல்லாச் சாமானையும் நான் தூக்கினேன். அரிசி டின்னை மட்டும் இவரு யாரையும் தொடவிடல. "சிந்திரும், சிந்திரும்"னு பச்சப் புள்ள மாதிரி நெஞ்சோட அணைச்சுத் தூக்கிட்டு வந்தாரு. இன்னைக்கு லோஜினியைப் பாத்துக்கிறது அவரு பொறுப்பு. மனசு ஆத்திக்கக் கூட்டாளி சின்னத்தம்பியையும் கூப்பிட்டிருக்காரு. இந்நேரம் டின்னுக்குள்ள கையை விட்டிருப்பாங்க. ரெண்டு கிளாஸ் கழுவி வச்சுட்டுத்தான் நானும் வந்தேன்.

"பூரணி புள்ள!" கந்தப்பன் மாமா பின்வாசல்ல கத்துறாரு. "உன் வீட்டுக்காரர் போத்தலோட வந்து நிக்கிறாரு! மூஞ்சியே சரியில்ல! இதுல என்ன இருக்குன்னு கேக்கச் சொல்றாரு!"

வர்றேன் மாமா, வர்றேன். கேட்டா சொல்லிட்டாப் போச்சு. அரிசி இல்லீங்க, கோதுமை இல்லீங்க, பார்லியும் இல்லீங்க, நம்ம தோட்டத்துல நானே என் கையால பறிச்ச தேயிலைங்க.