வண்ணவேளையும் மாப்பிள்ளை ஷூவும்

எங்கள் ஆம்பூரில் ரிசப்ஷனுக்கு வருபவர்கள் மாப்பிள்ளையின் முகத்தை இரண்டாவதாகத்தான் பார்ப்பார்கள். முதலில் பார்ப்பது ஷூவை. ஊரில் பாதிப் பேர் ஷூ ஃபேக்டரியில் வேலை செய்தால் வேறென்ன ஆகும்? தையல் நேராக இருக்கிறதா, இரண்டு காலும் ஒரே ஷேடா என்று கண் தானாகக் கீழே போய்விடும். இது தெரிந்தும் எனக்குப் பார்த்த மாப்பிள்ளைக்கு நான் அப்படி ஒரு ஷூவைக் கொடுத்தேன் என்றால், அதற்குக் காரணம் ஒரு தத்துவம். அதைக் கண்டுபிடித்த மகா ஞானியும் நானேதான்.

அப்போது நான் ஃபேக்டரியில் ஷேடு பார்க்கும் வேலையில் இருந்தேன். ஒரு ஜோடிக்கு வெட்டிய தோல் துண்டுகள் எல்லாம் ஒரே நிறமா என்று பார்க்க ஒரு லைட் பெட்டி உண்டு. பட்டனைத் தட்டினால் பகல் வெளிச்சம், கடை வெளிச்சம், வீட்டு பல்பு வெளிச்சம் என்று மாறி மாறி எரியும். ஒரு வெளிச்சத்தில் இரட்டைப் பிள்ளைகளாக இருக்கும் இரண்டு தோல், அடுத்த வெளிச்சத்தில் யாரோ எவரோ ஆகிவிடும். மற்றவர்கள் அதை 'ரிஜெக்ட்' என்று ஒதுக்கினார்கள். எனக்கு மட்டும் ஞானம் பிறந்தது. (சம்பளம் என்னவோ அதேதான்.)

தத்துவத்துக்கு 'வண்ணவேளை' என்று பெயர் வைத்தேன். பொருளுக்கு நிறம் கிடையாது, வேளைக்குத்தான் நிறம். ஒளி வந்து, காலம் கனிந்தால், ஒவ்வொன்றும் தன் உண்மை நிறத்தைக் காட்டும். மனிதர்களும் அப்படித்தான். என் வேளை, பொழுது சாயும் செம்பு நிற நேரம். பக்கத்து மேஜை ஷபானாவுக்கு விடிகாலை இளம்பச்சை. என் முதல் சீடரும் அவள்தான், கடைசிச் சீடரும் அவள்தான்.

"நீ சொல்றது கேக்க நல்லாத்தான்டி இருக்குது. தலைதான் ஜாஸ்தி சுத்துது" என்பாள். எனக்கோ சொல்லச் சொல்ல உடம்பெல்லாம் புல்லரிக்கும்.

ரிசப்ஷனுக்கு மாப்பிள்ளையின் கோட்டும் ஷூவும் பெண் வீட்டுச் செலவு. கோட்டை அப்பா வேலூரில் எடுத்தார். ஷூ என் பொறுப்பு என்று நான் முந்திக்கொண்டேன். மிச்சத் தோல் விற்கும் கடையில் தேன் நிறத்தில் அருமையான துண்டு கிடைத்தது. ஆனால் ஒரு காலுக்குத்தான் வரும். இன்னொரு காலுக்கு வேறு கட்டிலிருந்து ஒரு துண்டை எடுத்து, சாயங்காலம் மொட்டைமாடியில் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தேன். வெயில் இறங்கியதும் இரண்டும் ஒன்றாகிவிட்டன! அதுவும் என் வேளையில்! அவரும் நானும்தான் அந்த இரண்டு துண்டு என்று தோன்ற, தனியாக நின்று கைதட்டினேன்.

"எதுக்கும் லைட் பெட்டில ஒரு வாட்டி வெச்சுப் பாத்துடலாம்டி" என்றாள் ஷபானா.

"பெட்டிக்குள்ள பொழுது சாயுமா?" என்று கேட்டேன். அன்றே தைக்கக் கொடுத்துவிட்டேன்.

ரிசப்ஷன் அன்று அவர் மேடை ஏறினார். வீடியோக்காரர் வெள்ளை லைட்டைப் போட்டார். இடது கால் தேன் நிறம், வலது கால் பாசிப் பச்சை!

முன்வரிசை மொத்தமும் குனிந்தது. மாமியாராகப் போகிறவர் சர்வீஸ் முழுக்க ஷூ செக்கிங்கில் இருந்தவர். நேராக மேடைக்கே வந்துவிட்டார்.

"இன்னாம்மா இது? லெஃப்ட் ஒரு ஷேடு, ரைட் ஒரு ஷேடு? எங்க டேபிளுக்கு வந்திருந்தா ஸ்டிக்கர் ஒட்டித் தூக்கிப் போட்டிருப்பேன்!"

"பையன வேணும்னே அசிங்கப்படுத்துறாங்க. இப்பவே கெளம்பலாம்" என்றார் அவர்கள் பக்கத்துச் சித்தப்பா. விடிந்தால் முகூர்த்தம். அப்பாவின் முகம் வெளுத்துவிட்டது. மன்னிப்புக் கேட்க வேண்டிய நேரத்தில் என் வாயிலிருந்து வந்தது இது:

"அத்தை, நிறம் பொருள்ல இல்ல, வேளையில இருக்குது."

அப்பா கண்ணை மூடிக்கொண்டார். மாப்பிள்ளை மட்டும் என்னை அதிசயமாகப் பார்த்தார்.

"அந்த வேளை எப்ப வரும்?"

"பொழுது சாயறப்போ. இப்பதான். வெளிய போனா..."

அவ்வளவுதான். மாலையும் கழுத்துமாக மேடையை விட்டு இறங்கி விறுவிறுவென்று நடந்தார். பின்னால் நான், அத்தை, வீடியோக்காரர், பந்தியில் கை நனைத்தவர்கள் வரை எல்லோரும். மண்டப வாசலில், மலைக்குப் பின்னால் சூரியன் இறங்கிக்கொண்டிருந்தது. இரண்டு காலையும் சேர்த்து வைத்து நின்றார்.

இரண்டும் செம்பு! ஒரே செம்பு!

அத்தை பட்டுப்புடவையோடு தரையில் குந்தி, கண்ணை இடுக்கிப் பார்த்தார்.

"பாஸ்" என்றார்.

நான் துள்ளிக் குதித்ததில் தலையிலிருந்த பூச்சரம் கழன்று விழுந்தது. அதற்குள் சூரியன் மறைந்து தெரு லைட் எரிய, வலது கால் மறுபடியும் பச்சையானது. முதலில் சிரித்தது அத்தைதான். சித்தப்பாவும் சிரித்துக்கொண்டே பந்திக்குப் போனார். காலையில் தாலி ஏறியது.

இன்றைக்கும் நானும் அவரும் சண்டை போட்டு ஆளுக்கொரு மூலையில் முறைத்துக்கொண்டிருந்தால், அத்தை சமாதானம் பேச வருவதில்லை. ஜன்னல் வழியாக வானத்தை எட்டிப் பார்ப்பார்.

"இன்னும் பொழுது சாயல" என்று சொல்லிவிட்டு டிவி பக்கம் திரும்பிக்கொள்வார்.