தேன்சிட்டுக்கு முகம் ஏது?

பையை மறுபடியும் கவிழ்த்துப் பார்த்தாள் எடெல்மீரா. பூட்ஸ் இருந்தது. பச்சை மேலங்கி இருந்தது. முகமூடியை மட்டும் காணோம்.

ஜூஸ் கடைக் கழிவறையில் ஒற்றைக் காலில் நின்றுகொண்டு அழவும் முடியாது. வெளியே எவனோ கதவைத் தட்டிக்கொண்டிருந்தான்.

இன்றைக்கு மல்யுத்த அரங்கத்தின் ஆண்டுவிழா. கடைசிச் சண்டை பெண்களுடையது. மெக்சிகோ நகரத்தில் அதுவே பெரிய அதிசயம். ஆம்பளைகள் பீர் வாங்க எழுந்து போகும் நேரமாகப் பார்த்துத்தான் இத்தனை வருஷமும் பெண்களை மேடையில் ஏற்றினார்கள். இந்த வருஷம் முகமூடி வீராங்கனைகள் தேன்சிட்டுக்கும் காஞ்சொறிக்கும் முகமூடிப் பந்தயம். தோற்றவள் அத்தனை பேர் முன்னாலும் முகமூடியைக் கழற்றிச் சொந்தப் பெயரைச் சொல்ல வேண்டும். மணி அடிக்கும்போது மேடையில் இல்லாதவளும் தோற்றவள்தான்.

தேன்சிட்டு யார் என்பது இரண்டு பேருக்குத்தான் தெரியும். ஒருத்தர் அவளுக்குச் சண்டை கற்றுக்கொடுத்தவர். அவர் போன வருஷம் போய்ச் சேர்ந்துவிட்டார். இன்னொருத்தி பல் ஆஸ்பத்திரியில் கணக்கு எழுதும் எடெல்மீரா.

கணவனிடம்கூட அவள் சொல்லவில்லை. லாரியோட்டி அவன்; மாசத்தில் பாதி நாள் வடக்கே இருப்பான். அவனிடம் சொன்னால் அவன் அம்மாவிடம் சொல்வான். மாமியார் தோன்யா எவ்லாலியாவின் காதில் விழுந்தால் தேவாலய மணியில் கட்டி அடித்த மாதிரி. தெருவில் எவள் முழுகாமல் இருக்கிறாள் என்பது அவளுக்குத் தெரிவதற்கு முன்பே மாமியாருக்குத் தெரிந்துவிடும். மாமியாருக்குப் பிறகு ஊருக்கு.

இதில் கொடுமை என்னவென்றால், மாமியார் அரங்க வாசலிலேயே கடை போட்டு முகமூடி தைத்து விற்பவள். தேன்சிட்டு என்றால் உயிர்.

"அவளப் பாருடி! அவளும் பொம்பளதான். நீ கேஸ் சிலிண்டர நகத்தவே ஆள் கூப்பிடுற" என்பாள்.

முந்தின வெள்ளிக்கிழமை தொண்ணூறு கிலோ பெண்ணைத் தலைக்கு மேல் தூக்கி எறிந்த எடெல்மீரா, "முடியல அத்தை" என்று இடுப்பைப் பிடித்துக்கொள்வாள். உடம்பில் காயம் இருந்தால் மெட்ரோ படியில் விழுந்தேன் என்பாள். நாலு வருஷமாக அவள் அந்தப் படியில் விழாத வெள்ளியே கிடையாது. "கண்ண எங்கடி வச்சுக்கிட்டு நடக்குற?" என்று திட்டிக்கொண்டே மாமியார் தைலம் தேய்ப்பாள்.

இன்று காலையிலும் கிளம்பும்போது தையல் மிஷினிலிருந்து கத்தினாள்: "நில்லுடி! ஒரு நிமிஷம் நில்லு!" நின்றால் ஒரு மணி நேரம் வசவு கேட்க வேண்டும். எடெல்மீரா பையைத் தூக்கிக்கொண்டு படியில் ஓடியே வந்துவிட்டாள்.

வேறு வழியில்லை. வெறும் முகத்தோடு அரங்கத்தின் பின்வாசலுக்குப் போனாள். காவலாளி தோன் புளூத்தார்கோ குறுக்கே கையை நீட்டினார்.

"வழிய விடுங்க. நான்தான் தேன்சிட்டு."

"இன்னிக்கு எத்தனையோ தேன்சிட்டு வந்தாச்சும்மா. டிக்கெட் கவுன்டர் அந்தப் பக்கம்."

"ஒவ்வொரு வெள்ளியும் எனக்குக் கதவு திறந்துவிடுறீங்களே! உங்க முட்டி வலிக்கு மருந்துகூடச் சொன்னேனே!"

"என் முட்டி வலி இந்தத் தெருவுக்கே தெரியும். தேன்சிட்டு செத்தாலும் முகத்தக் காட்டமாட்டா. நீங்க முகத்தக் காட்டிக்கிட்டு நிக்கிறீங்க. அப்போ நீங்க அவ இல்ல. சரிதானே?"

சரிதான். வீட்டிலேயே முதல் பட்டதாரி எடெல்மீரா. அவளாலும் அதில் ஓட்டை கண்டுபிடிக்க முடியவில்லை.

கடை கடையாக ஓடினாள். "ஆண்டுவிழா சாயங்காலம் வந்து தேன்சிட்டு கேக்குறியே, மத்தியானமே தீந்துபோச்சு! காஞ்சொறி இருக்கு, வேணுமா?" என்றார்கள். மொட்டை முகத்துக்கு விரோதி முகமூடியாவது மேல் என்று அதை வாங்கி மாட்டிக்கொண்டு மறுபடியும் பின்வாசலுக்குப் போனாள்.

"காஞ்சொறி அப்பவே உள்ள போயாச்சு" என்றார் தோன் புளூத்தார்கோ. "உங்களுக்கு வேற வேலையே இல்லையா?"

திரும்பினால், தெரு முழுக்கத் தேன்சிட்டு ரசிகர்கள். முதலில் ஊளை. பிறகு கடித்த சோளக்கட்டை ஒன்று முதுகில் விழுந்தது. அடுத்து ஒரு எலுமிச்சம்பழம், குறி தப்பாமல் நெற்றியில். வலி தாங்காமல் முகமூடியைப் பிய்த்து எறிந்தாள்.

"நீயா!"

எதிரே தோன்யா எவ்லாலியா, கையில் அடுத்த பழத்தோடு. "பல் ஆஸ்பத்திரியில கணக்கு முடிக்கிறவ இங்க என்னடி பண்ற? அதுவும் காஞ்சொறி மூஞ்சிய மாட்டிக்கிட்டு! என் வீட்டு மருமக!"

"டாக்டரோட பொண்ணுக்குத் தேன்சிட்டு முகமூடி வேணுமாம், அத்தை. எங்கயும் கிடைக்கல."

"எங்கிட்டயும் இல்ல."

மாமியாரின் மடியில் பச்சைத் துணி எட்டிப் பார்த்தது.

"அது என்ன?"

"இது விக்கிறதுக்கு இல்ல."

"அத்தை, உங்க கால்ல விழுறேன். கடைசிச் சண்டைக்கு மணி அடிக்கிறதுக்குள்ள வேணும்."

தோன்யா எவ்லாலியா அவளை மேலும் கீழும் பார்த்தாள். "காலையில நில்லுன்னா நிக்கிறதில்ல. சாப்பிடுன்னா சாப்பிடுறதில்ல. இப்ப வந்து அத்தை, நொத்தை! இந்தா, எடுத்துட்டுத் தொலை. கிழிச்சுட்டு வந்தா வீட்டுக்குள்ள விடமாட்டேன்னு அந்தப் பொண்ணுகிட்ட சொல்லு!"

மறுபடி ஜூஸ் கடை. பூட்ஸ், மேலங்கி, முகமூடி. பின்னால் கட்டும் கயிறு புத்தம்புதுசாக இருந்தது. விலை குறைந்த கடைச் சரக்கு, ஒரு இழுப்புக்குத் தாங்காதே என்று முனகிக்கொண்டே கட்டினாள்.

"வாங்க மகாராணி!" தோன் புளூத்தார்கோ குனிந்து கையை முத்தமிட்டார். "எவளோ பைத்தியக்காரி வந்து நான்தான் நீங்கன்னா. துரத்திவிட்டேன்."

"நல்ல காரியம் செஞ்சீங்க" என்றாள் பல்லைக் கடித்துக்கொண்டு.

அப்புறம் நடந்ததைப் பார்த்தவர்கள் கொடுத்து வைத்தவர்கள். காஞ்சொறி ஒரு மலை. ஆனால் பறக்கிற மலை. மேடைக் கயிற்றின் உச்சியில் ஏறி அவள் குதித்தபோது கூரை விளக்கே மறைந்தது. தேன்சிட்டு அவள் தோளில் ஓடி ஏறி, கழுத்தைச் சுற்றிச் சுழன்று இறங்கினாள். பீர் வாங்க ஒருத்தனும் எழுந்திருக்கவில்லை.

காஞ்சொறி பின்னாலிருந்து முகமூடிக் கயிற்றைப் பிடித்து இழுத்தாள். நடுவர் அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டார். எப்போது திரும்ப வேண்டும் என்பது மட்டும் இவர்களுக்கு நன்றாகத் தெரியும். 'போச்சு' என்று எடெல்மீரா கண்ணை மூடினாள். இன்னொரு இழுப்பு. பல்லால் கடித்து ஒரு இழுப்பு. ஒரு நூல்கூடப் பிரியவில்லை. காஞ்சொறியே ஒரு நொடி திகைத்து நின்றாள். அந்த ஒரு நொடி போதும். தேன்சிட்டு அவள் காலை வாரி, நடுவர் மூன்று எண்ணும்வரை தோள் இரண்டையும் தரையில் அழுத்திப் பிடித்தாள்.

காஞ்சொறி எழுந்து தன் கையாலேயே முகமூடியைக் கழற்றி நீட்டினாள். நரைத்த முடி, உடைந்த மூக்கு. "எர்லிந்தா பராஹாஸ். ஊரு தொர்ரெயோன். இருபது வருஷமாச் சண்டை போடுறேன். மூணு புள்ளைங்க" என்றாள். இருபது வருஷமாக அவளைப் பார்த்து ஊளையிட்ட அரங்கம் மொத்தமும் எழுந்து நின்றது. வீட்டில் ஒரு தட்டைக்கூடக் கழுவாத ஆம்பளைகள் விசும்பி அழுதார்கள். தேன்சிட்டு அவள் கையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

முகம் கழுவிக்கொண்டு எடெல்மீரா கடைக்கு வந்தபோது மாமியார் இல்லை. பக்கத்துக் கடையில் சோளம் விற்கும் தோன் நாபோர்தான் காவல்.

"உன் மாமியாரா? இன்னும் உள்ளதான் இருக்காங்க, தொண்ட கிழியக் கத்திக்கிட்டு."

"டாக்டர் பொண்ணு வரல. இத அத்தைகிட்ட குடுத்துடுங்க."

முகமூடியை வாங்கிய தோன் நாபோர் முகம் சுளித்தார். "என்னம்மா, இப்படி நனைஞ்சிருக்கு?"

"மழை."

காய்ந்து கிடந்த தெருவைப் பார்த்தார். பிறகு கயிற்றைத் தடவிக்கொண்டே சொன்னார்: "இந்த அம்மாவ நினைச்சா எனக்கு ஆச்சரியம்தான். எவன் வீட்டு ரகசியத்தையும் பத்து நிமிஷம் வச்சுக்க மாட்டாங்க; ஆனா வாரா வாரம் இத வெளிய தெரியாம இழை ஓட்டித் தைக்கிறாங்களே, யாருதுன்னு நாலு வருஷமாக் கேக்குறேன், வாயத் திறக்குறதில்ல. இன்னிக்கு மட்டும், 'இதோட சொந்தக்காரி நில்லுன்னா நிக்காம ஓடிட்டா'ன்னு அழுதாங்க."