கழுத்தில் விளைந்த கல்

'கல்லெடுப்பார்' என்று பேர்போன வைத்தியர் வாசலில் ஊரே கழுத்தைப் பிடித்துக்கொண்டு வரிசையில் நின்றது. கழுத்தில் கட்டியா? கல்லெடுப்பார் துண்டைப் போர்த்துவார், ஏதோ முணுமுணுப்பார், தோலில் கீறல்கூட இல்லாமல் ஒரு கல்லை எடுத்து உங்கள் கையில் வைப்பார். ஆகா! அப்புறம் என்ன, மூளைக்கு விடுமுறைதான்.

அங்கே மைக்கில் சாட்சி சொன்னவர் போல்ட் கம்பெனிப் பரிசோதகர். மயிரிழை பிசகினாலும் போல்ட்டைத் திருப்பி அனுப்பும் மகா கறார். தொண்டை வலியோடு தாடைக்குக் கீழே வந்த கட்டி, கல்லெடுத்த பத்தாம் நாள் கரைந்துவிட்டதாம். அந்தக் கல்லை வெர்னியர் அளவுகோலில் வைத்து, ஆறு மில்லிமீட்டர் என்று குறித்தும் வைத்திருந்தார். கல் வெளியே வந்த ஓட்டை எங்கே என்று மட்டும் தேடவில்லை. அது அவர் இலாகா இல்லை போலும்!

அவர் வாயை நம்பித்தான் அவருடைய மைத்துனனும் வந்தான். அவனுக்குக் காறை எலும்புக்கு மேலே கட்டி. இரண்டு மாதமாக வளர்கிறது, வலியே இல்லை. மூன்று கல் எடுத்தும் கட்டி குறையவில்லை.

"உனக்கு நம்பிக்கை பத்தலைப்பா," என்றார் கல்லெடுப்பார்.

பரிசோதகரின் மனைவிக்கு ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலை. விஷயம் தெரிந்ததும் புருஷனைப் பிடித்துக்கொண்டாள். கூடப் பிறந்த தம்பி ஆயிற்றே!

"ஏங்க, கழுத்துல இருக்கிற நிணநீர்க் கணுவெல்லாம் காவல்காரன் மாதிரி. தொண்டை புண்ணானா வீங்கும், வலிக்கும், ரெண்டு மூணு வாரத்துல தானா அடங்கும். உங்களுக்கு ஆனது அதான். வலிக்காம, கெட்டியா, வளந்துக்கிட்டே போனா டாக்டர்கிட்ட ஓடணும்!"

"அப்ப எனக்கு வந்த கல்லு?"

"வாங்க, காட்டறேன்."

மறுநாள் அவளே வரிசையில் நின்றாள். "இங்கதான் ஐயா, உயிர் போகுது."

கல்லெடுப்பார் தடவினார். "ஆமாமா, பெரிய கட்டி." துண்டு. முணுமுணுப்பு. கல்!

"எனக்குத்தான் கட்டியே இல்லையே ஐயா! இல்லாத கட்டியில கல்லு எப்படி வந்துச்சு?"

கேட்டுக்கொண்டே துண்டைப் பிடுங்கி உதறினாள். மடிப்பிலிருந்து கற்கள் உருண்டன. பரிசோதகர் பழக்கதோஷத்தில் ஒன்றை எடுத்துப் பையிலிருந்த வெர்னியரில் அளந்தார். ஆறு மில்லிமீட்டர். கல்லெடுப்பாருக்கு அவசரமாக வேறு வேலை வந்துவிட்டது. பின்வாசல் வழியாக நழுவினார்.

பரிசோதகர் மைக்கைப் பிடித்தார். "கழுத்துக் கட்டி தானா கரைஞ்சுதுங்க. என் மண்டைக்குள்ள இருந்த கல்லுதான் இன்னைக்கு வெளிய வந்துச்சு!"

அன்றைக்கே மைத்துனனை ஆஸ்பத்திரிக்கு இழுத்துப் போனார்கள். சதையெடுத்துப் பார்த்ததில் புற்றுநோய். "குணப்படுத்தலாம். ஆனா ரெண்டு மாசம் வீணாக்கிட்டீங்களே," என்றார் டாக்டர்.

கழுத்தைத் தடவிப் பாருங்கள், தப்பே இல்லை. அப்படியே கையை ஒரு சாண் மேலே கொண்டுபோங்கள். அங்கேயும் ஒன்று இருக்கிறது. அதையும் கொஞ்சம் பயன்படுத்துங்கள்.